பாஸ்மதிச் சாக்கும் பெல்ஜியத்து நடிகரும்

சனிக்கிழமைக் காலைகளில் தமிழ்ப் பள்ளிக்கூடத்து வாங்கில் என்னோடு இருந்து கொட்டாவி விட்டவர்களுக்குத்தான் இதை எழுதுகிறேன். நமக்கு இன்னும் முப்பதாகவில்லை, அதற்குள் நினைவுக் குறிப்பா என்று கேட்பீர்கள். போன மாதம் காதோரத்தில் இரண்டு வெள்ளை முடி கண்டேன். அந்தத் தகுதி போதும். சிரிக்கிறவர்கள் சிரித்து முடித்துவிட்டு வாசியுங்கள்.

இரண்டாயிரத்துப் பன்னிரண்டின் அவுஸ்திரேலியக் குளிர்காலத்தில், லிட்கம்மில் ஒரு மண்டபத்தில், நம் ஊர்ச் சங்கத்தின் விழாவில் ஒரு நாடகம் நடந்தது. ஞாயிறு பின்னேரம். உங்களில் பலர் நாட்டிய உடுப்போடு பக்கத் திரைக்குள் நின்றீர்கள். நாடகம் முடிந்தபோது ஒருவரும் கைதட்டவில்லை. பெற்றோர் வந்து உங்களைக் கையில் பிடித்து இழுத்துக்கொண்டு போனார்கள். நம் சனம் ரோல்ஸ் சாப்பிடாமல் வீட்டுக்குப் போன ஒரே விழா அதுவாகத்தான் இருக்கும். பிறகு வீட்டில் உங்களுக்கு ஒரு காரணம் சொல்லியிருப்பார்கள். என் மாமா ஒரு துரோகி என்றோ, ஒரு வெள்ளைக்காரக் கிழவர் எங்களை ஏமாற்றிவிட்டார் என்றோ. இரண்டும் பொய். அது எனக்கு எப்படித் தெரியும் என்பதைத்தான் சொல்லப்போகிறேன்.

கிழவர் டூங்கபியில் எங்கள் வீட்டுப் பின்வளவில் கட்டியிருந்த சின்னத் தனி வீட்டில், கிரனி பிளட்டில், குடியிருந்தார். அவருடைய மகள் முதியோர் இல்லத்தில் அம்மாவோடு வேலை செய்தவள். தகப்பனைக் கிட்ட வைத்திருக்கவும் வேண்டும், ஒரே கூரைக்குள் வைத்திருக்கவும் முடியாது என்று அம்மாவிடம் அழுதாள். அம்மா இரங்கிவிட்டார். "பெல்ஜியமாம், பெரிய நடிகராம், டைரக்டராம்," என்று அம்மா சொன்னபோது அப்பா பத்திரிகையை இறக்காமலே, "இஞ்சை வந்த எல்லாரும் அங்கை ஆரோ ஒரு பெரிய ஆள்தான்," என்றார்.

ஆனால் இவர் உண்மையிலேயே பெரிய ஆள். அவரிடம் ஒரு தோல் அல்பம் இருந்தது. பழைய புகையிலையும் பசையும் சேர்ந்த மணம் அதற்கு. பள்ளிக்கூடம் விட்டு வந்து, அம்மா வேலையால் வரும் வரைக்கும், பின்வளவில் இருந்து அதைப் பக்கம் பக்கமாகப் பார்த்தேன். ஒரு லொறியின் பின்தட்டை இறக்கி மேடையாக்கி ஊர் ஊராக நாடகம் போட்ட கூட்டத்தில் பத்தொன்பது வயதில் அவர். பிறகு தபால்காரத் தொப்பியோடு அவர். தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் பன்னிரண்டு வருடம் தபால்காரராக நடித்தாராம். அவருடைய பிளெமிஷ் மொழி பேசும் ஊர்களில் எந்தத் தெருவில் நடந்தாலும், எனக்குக் கடிதம் இருக்கிறதா என்று கேட்பார்களாம். பிறகு டைரக்டராக, கழுத்தில் கம்பளிச் சால்வையோடு, யாரையோ விரல் நீட்டித் திட்டிக்கொண்டு நிற்கும் படங்கள். பிறகு ஒரு சினிமாப் படம். அது ஓடவில்லை. அதற்குப் பின்னால் அல்பத்தில் வெறும் பக்கங்கள்.

முதற் பக்கத்தை மட்டும் வேகமாகப் புரட்டிவிடுவார். அதில் ஒரு பேக்கரியும் அதன் வாசலில் மாவு படிந்த ஏப்ரனோடு ஓர் ஆளும்.

"என் மொழி நாளைக்கு அழிந்தால் உலகத்தில் எவனும் திரும்பிப் பார்க்கமாட்டான்," என்று ஒருநாள் அப்பாவிடம் சொன்னார். அப்பாவுக்கு அது போதும். "எங்கட ஆள்," என்று முடிவுகட்டிவிட்டார். நம் பெரியவர்களுக்கு ஓர் ஆளை அளக்க ஒரு கோல்தான் இருந்தது.

அம்மா அளந்தது நாக்கால். கிழவர் வெள்ளிக்கிழமைகளில் உருளைக்கிழங்கு பொரித்துத் தருவார். தடித்த துண்டுகள். ஒருமுறை பொரித்து ஆறவைத்து, மறுபடி பொரிப்பார். வெளியே மொறுமொறுவென்றும் உள்ளே மாவாகவும் இருக்கும். வெள்ளிக்கிழமை எங்கள் வீட்டில் மீன், இறைச்சி என்று மச்சம் எதுவும் இல்லை. கிழங்குதானே என்று ஆறு வெள்ளிக்கிழமை, சாமிப்படத்துக்கு விளக்கு வைத்துவிட்டு வந்திருந்து சாப்பிட்டோம். ஏழாம் வெள்ளி, பொரிக்கும் சட்டியைக் கழுவ உதவப் போன அம்மா, அடியில் வெள்ளையாக உறைந்திருப்பது என்ன என்று கேட்டார். மாட்டுக் கொழுப்பு. அதில்தான் அந்த ருசி என்று கிழவர் பெருமையாகச் சொன்னார். அம்மா வந்து தலையில் தண்ணீர் வார்த்துக்கொண்டு, எங்களையும் வார்க்கச் சொன்னார். "அந்த மனிசன் வேணுமெண்டு செய்யேல்லை," என்றார் அப்பா. "வேணுமெண்டு செய்யாதவைக்குத்தான் பயப்பிட வேணும்," என்றார் அம்மா. அம்மா அந்த வருடம் சொன்னதில் சரியான வார்த்தை அது ஒன்றுதான்.

அந்த வருடம்தான் மாமா எங்களிடம் வந்தார். அம்மாவின் ஒரே தம்பி. ஊரில் படகு எஞ்சின் திருத்துகிறவர். படகில் வந்து, தீவு முகாமில் கிடந்தவரை, பிரிட்ஜிங் விசா என்ற தற்காலிக அனுமதியோடு வெளியே விட்டிருந்தார்கள். முதல் விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டு மேல்முறையீடு நிலுவையில் இருந்தது. போர் முடிந்த பிறகு அவர் ஊரில் எந்தத் தடுப்பு முகாமில் இருந்தார், அங்கே அவருக்கு என்ன நடந்தது என்பதைக் கண்ட ஒருவர் எழுதித் தந்தால் வழக்கு வெல்லும், இல்லாவிட்டால் கஷ்டம் என்று வக்கீல் சொல்லியிருந்தார்.

அப்படி ஒருவர் கிடைத்தார். லிட்கம்மில் இருந்தவர். அதே முகாமில் இருந்து, முன்னதாக வந்து, விசாவும் பெற்றவர். எங்கள் வீட்டில் அவருக்குச் சாட்சிக்காரர் என்றே பெயர் வந்துவிட்டது. எங்கள் குசினிக் கதிரையில் இருந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டு, "தம்பி, பயப்பிடாதையும். விழா முடியட்டும், இருந்து வடிவா எழுதித் தாறன்," என்றார். மாமா அன்றைக்குத்தான் முதன்முதலாகச் சிரித்து நான் கண்டேன். முன்பல் ஒன்று பாதியில் உடைந்திருந்தது. என் மாமாவின் உயிர் அந்த ஒரு கடிதத்தில் இருந்தது என்பது பதின்மூன்று வயதில் எனக்கும் நன்றாகவே தெரியும். தெரியாது என்று சொல்லித் தப்ப மாட்டேன்.

ஒரு ஞாயிறு பின்வளவில் கோழி வாட்டினோம். அப்பா கிழவருக்குத் தலையாட்டியைப் பற்றிச் சொன்னார். ஒருவனுக்குத் தலையோடு சாக்கைப் போட்டு, கண்ணுக்கு இரண்டு ஓட்டை விட்டு, இராணுவம் கொண்டுவந்து நிறுத்தும். சனம் வரிசையாக அவன் முன்னால் நடக்க வேண்டும். அவன் தலையை ஆட்டினால் அந்த ஆளைக் கொண்டுபோய்விடுவார்கள். சாக்குக்குள் இருப்பவன் அயலவனாக இருக்கலாம், சொந்த மச்சானாகவும் இருக்கலாம்.

கிழவர் முள்ளுக்கரண்டியைக் கீழே வைத்தார். உள்ளே போய் அல்பத்தைக் கொண்டுவந்து, முதற் பக்கத்தைத் திறந்தார். ஏப்ரன் போட்ட ஆள் அவருடைய அப்பா. ஜெர்மன்காரர் அவர்கள் பட்டணத்தைப் பிடித்திருந்த காலத்தில் அந்தப் படைக்குப் பாண் கொடுத்தார், பிறகு அயலவர்களின் பெயர்களும் கொடுத்தார். போர் முடிந்த அன்று அயலவர்கள் பேக்கரிக் கண்ணாடியை உடைத்தார்கள். தாயைத் தெருவில் இருத்தித் தலையை மழித்தார்கள். கிழவருக்கு அப்போது ஆறு வயது. நாற்பது வயதில் அதை நாடகமாக்கி, தகப்பனாகத் தானே நடித்தார். அந்த நாடகம்தான் அவரை உயர்த்தியது. முதல் நாள் தாய் முன்வரிசையில் இருந்தாராம். பாதியில் எழுந்து போனவர், சாகும் வரைக்கும் மகனோடு பேசவில்லை.

"அப்ப ஏன் செய்தீங்கள் எண்டு கேள்," என்றார் மாமா என்னிடம். கேட்டேன்.

"நல்ல நாடகம் அது," என்றார் கிழவர்.

அடுத்த கிழமையே, தலையாட்டியை நாடகமாக்க வேண்டும் என்று அப்பாவைப் பிடித்துக்கொண்டார். அப்பா சங்கத்தில் பேசி இருபது நிமிடம் வாங்கி வந்தார். ஒத்திகை எங்கள் கராஜில். அப்பாவும் சங்கத்து ஆட்கள் இரண்டு பேரும் வரிசை. பத்துக் கிலோ பாஸ்மதி அரிசி வருமே, இழுத்து மூடும் சிப் வைத்த அந்தச் சணல் பை, அதில் இரண்டு ஓட்டை வெட்டினோம். அரிசி மணம் கடைசி வரைக்கும் அதைவிட்டுப் போகவில்லை. சாக்குக்குள் யார் நிற்பது என்று ஒவ்வொருவராகப் போட்டுப் பார்த்தார்கள். எல்லோரும் கோமாளி மாதிரி நின்றார்கள்.

மூலையில் பெயின்ற் வாளியில் இருந்த மாமாதான் சொன்னார். "அப்பிடி இல்லை. முகாமிலை எங்களைத் தலை நிமிரவே விடமாட்டாங்கள். நாங்கள் அவன்ர முகத்தைப் பாக்கேல்லை, சாக்கையும் பாக்கேல்லை. காலைத்தான் பாத்தனாங்கள். செருப்பில்லை. வலக்கால் பெருவிரலாலை மண்ணைக் கிளறிக்கொண்டு நிண்டவன். தலையாட்ட முதல் அந்த விரல் நிண்டிடும்." செருப்பைக் கழற்றிவிட்டு, சீமெந்து நிலத்தில் விரலால் கிளறிக் காட்டினார். நான் மொழிபெயர்த்து முடிக்கவில்லை. கிழவர் கதிரையால் எழும்பிவிட்டார். "இவர்தான்," என்றார். "வேறு யாரும் வேண்டாம்."

மாமா முதலில் மாட்டேன் என்றார். பிறகு ஒத்துக்கொண்டார். வேலை செய்யவும் அனுமதி இல்லாமல் மாதக் கணக்கில் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்த ஆளை, இவர்தான் வேண்டும் என்று ஒருவர் கூப்பிட்டால் என்ன செய்வார்? சாக்கைக் கழற்றிவிட்டுப் பேச வேண்டிய பேச்சைக் கிழவர் எழுதினார். தன் தகப்பன் சொன்னதையே எழுதினார் என்று நினைக்கிறேன். 'நான்தான் தலையாட்டினேன். நாலு பேர். என் பிள்ளையைக் கொண்டுபோவோம் என்றார்கள். நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்?' அப்பாவும் நானும் அதைத் தமிழாக்கினோம். கராஜில் மாமா அதைச் சொன்னபோது அம்மா கறி கிண்டிய அகப்பையோடு வாசலில் நின்று அழுதார்.

எனக்கு அது திருவிழாக் காலம். கிழவர் என்னை 'மேடம் அசிஸ்டன்ட்' என்று கூப்பிட்டார். நிகழ்ச்சித் தாளில் என் பெயர் உதவி இயக்குநர் என்று வரும் என்றார். வகுப்பில் என்னோடு ஒருத்தரும் பேசாத வருடம் அது. உங்களையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

விழாவுக்கு இரண்டு நாள் முந்தி, மாமா சாக்கைக் கையில் மடித்துப் பிடித்துக்கொண்டு என்னிடம் வந்தார்.

"பிள்ளை, அவரிட்டை ஒண்டு சொல்லு. நாடகம் தொடங்க முதல் ஆராவது மைக்கிலை சொல்ல வேணும், இது நடிக்கிறவற்ர கதை இல்லையெண்டு. எனக்குக் கடிதம் தாற அந்த லிட்கம் அண்ணை முன்னுக்கு இருப்பார். அவற்ர தம்பியைத் தலையாட்டிதான் காட்டிக் குடுத்தவன். சொல்லுறதெண்டால் நான் நடிக்கிறன். இல்லாட்டி ஏலாது."

நான் கிழவரிடம் சொன்னேன். ஒரு சொல் விடாமல் சொன்னேன். அவர் என்னைப் பார்த்துச் சொன்னதும் ஒரு சொல் விடாமல் நினைவிருக்கிறது. "அப்படி அறிவித்தால் நாடகம் அந்த இடத்திலேயே செத்துவிடும். நான் செய்யமாட்டேன். அவர் விலகலாம், எனக்குக் கோபம் இல்லை. இதை அப்படியே அவரிடம் சொல்."

மாமா விலகினால் நாடகம் இல்லை. நாடகம் இல்லை என்றால் தாளில் என் பெயர் இல்லை. நான் மாமாவின் பக்கம் திரும்பி, "ஓமாம் மாமா. மைக்கிலை சொல்லுவினமாம்," என்றேன்.

"சொல்லிவிட்டாயா? சம்மதமா?" என்று கிழவர் கேட்டார். நான் தலையை அசைத்தேன்.

நிகழ்ச்சித் தாளில் கிழவர் ஒரு வரி போடச் சொன்னார். நாற்பது வருடமாகத் தன் எல்லா நாடகத்துக்கும் போட்ட வரியாம். 'மேடையில் நிற்பவர்கள் தங்கள் வாழ்க்கையையே சொல்கிறார்கள்.' தமிழில் எழுதியவள் நான். அப்பா எழுத்துப் பிழை மட்டும் பார்த்தார். ஒரு பிழையும் இல்லை என்று முதுகில் தட்டினார்.

விழா அன்று மாமா பக்க அறையில் சாக்குக்குள் நின்றார், வெளியே யார் என்ன சொன்னார்கள் என்று அவருக்குக் கேட்கவில்லை. திரை விலகியது. வரிசை நடந்தது. முன்வரிசையில் சாட்சிக்காரர் முதலில் கையைக் கட்டிக்கொண்டு சாதாரணமாகத்தான் இருந்தார். மாமாவின் வலக்கால் விரல் மேடைப் பலகையைக் கிளறத் தொடங்கியது. சாட்சிக்காரர் முன்னுக்குக் குனிந்தார். விரல் நின்றது. சாக்கு மெல்ல ஆடியது. அவர் கையில் இருந்த தாளைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்து வாசித்தார். திரும்ப மேடையைப் பார்த்தார். நான் பக்கத் திரைக்குள் இருந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு நின்றேன்.

மாமா சாக்கைக் கழற்றிப் பேசினார். அன்று பேசியது போல ஒத்திகையில் ஒருநாளும் பேசவில்லை. பேசி முடிய மண்டபம் எழுந்து வெளியே நடந்தது. கதிரைகள் அரைபடும் சத்தம் மட்டும் கேட்டது. "என் அம்மாவும் இப்படித்தான் எழுந்து போனாள்," என்று கிழவர் என் காதில் சொன்னார். அவர் கண் கலங்கியிருந்தது. ஆனால் சத்தியமாகச் சொல்கிறேன், அந்தக் குரலில் பெருமை இருந்தது.

வெளி வாசலில் சாட்சிக்காரர் நின்றார். மாமா நல்ல செய்தி கேட்கப் போகிறவர் போல வேர்வையோடு அவரிடம் போனார்.

"சாக்குக்குள்ளை நிண்டது ஆரெண்டு எனக்கு இவ்வளவு காலமும் தெரியேல்லை," என்றார் சாட்சிக்காரர்.

"அண்ணை, அது நானில்லை! நானும் வரிசையிலைதான் நிண்டனான். உங்களுக்குப் பின்னாலை மூண்டாவது ஆள். மைக்கிலை சொன்னவை எல்லோ?"

"மைக்கிலை ஒண்டும் சொல்லேல்லை. தாளிலை எழுதியிருக்கு." என் எழுத்துகளை அவர் விரலால் தொட்டுக் காட்டினார். "அந்தக் கால்விரலை நான் எப்பிடி மறப்பன்?"

மாமாவைத் தம்பி என்று அவர் சொல்லவில்லை. பிறகு ஒருநாளும் சொல்லவில்லை.

வீட்டுக்கு வந்ததும் மாமா என்னைக் கேட்டார். "பிள்ளை, ஏன் அவை சொல்லேல்லை?"

"சொல்லுறன் எண்டுதான் சொன்னவர் மாமா," என்றேன். "கடைசியிலை சொல்லாமல் விட்டிட்டார்."

அம்மா அந்த வேகத்திலேயே பின்வளவுக்குப் போனார். கொழுப்புச் சட்டியைத் தூக்கி அவர் வாசற்படியில் போட்டு, தெரிந்த இங்கிலீஷ் எல்லாவற்றையும் கூட்டித் திட்டினார். "யூ ப்ராமிஸ்ட்! மை பிரதர் டிரஸ்ட் யூ!" கிழவர் அம்மாவைப் பார்த்தார். பிறகு அம்மாவின் தோளுக்குப் பின்னால் நின்ற என்னைப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். வாயைத் திறப்பார், என் கதை முடிந்தது என்று நின்றேன். அவர் அம்மாவிடம், "மன்னியுங்கள்," என்று மட்டும் சொன்னார். மேடையில் உண்மை உண்மை என்று வாழ்நாளெல்லாம் கத்தி, பெற்ற தாயையே அதற்குக் கொடுத்த மனிதர், எங்கள் பின்வளவில் ஒரு சின்னப் பெண்ணுக்காக ஒரு பொய்யைத் தன் தலையில் போட்டுக்கொண்டார். அவரை நான் வெறுக்க முடியாமல் போனது அதனால்தான். வெறுத்திருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும். அடுத்த கிழமை மகள் வந்து கூட்டிக்கொண்டு போய்விட்டாள். அல்பத்தைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் காரில் ஏறினார்.

அப்பா சாட்சிக்காரர் வீட்டுக்கு இரண்டு தரம் போய்க் கதவு திறக்காமல் திரும்பினார். பிறகு, "விளங்கப்படுத்தப் போனால் இன்னும் நாறும், விடுங்கோ, ஆறிப்போம்," என்றார். ஆறவில்லை. கோயில் அன்னதானத்தில் மாமாவுக்குப் பக்கத்துக் கதிரை காலியாகவே இருந்தது. அந்த முகாமில் இருந்த வேறு யாரும் எழுதித் தரவில்லை. கடிதம் இல்லாமல் விசாரணைக்குப் போனார், கடிதம் இல்லாததைக் காரணமாகச் சொல்லி மறுத்தார்கள். அடுத்த வருடம் அவரைத் திருப்பி அனுப்பினார்கள். விமான நிலையத்தில் இறங்கியவரை அங்கேயே பிடித்துக் கொண்டுபோனார்கள். நாலு மாதம் எங்கே இருந்தார் என்று எங்களுக்குத் தெரியாது. அவரும் இன்றுவரை சொன்னதில்லை. பாஸ்மதிச் சாக்கை அம்மா சிவப்பு மூடிக் குப்பைத் தொட்டியில் போட்டார். அந்த அரிசியை எங்கள் வீட்டில் பிறகு வாங்கவில்லை.

போன மாதம் கிழவர் இறந்துவிட்டார். அவருடைய ஊர்ப் பத்திரிகையில் வந்த அஞ்சலியை மகள் அனுப்பியிருந்தாள். கணினியை மொழிபெயர்க்கச் சொல்லி வாசித்தேன். தபால்காரத் தொப்பிப் படம் பெரிதாகப் போட்டிருந்தார்கள். தகப்பனைப் பற்றிய நாடகத்துக்கு ஒரு முழுப் பந்தி. கடைசி வரி இது: அவுஸ்திரேலியாவில், ஓர் அகதி தன் துரோகத்தைத் தானே மேடையில் ஒப்புக்கொண்ட சிறு நாடகம்தான் அவரது இறுதிப் படைப்பு.

மாமா இப்போது வவுனியாவில் தண்ணீர் மோட்டார் திருத்துகிறார். ஞாயிற்றுக்கிழமைகளில் போன் எடுப்பார். இந்த ஞாயிறு கிழவரின் செய்தியைச் சொன்னேன்.

"ஆர், அந்த நாடகக்காரரோ? செத்திட்டாரே?" ஓடிக்கொண்டிருந்த மோட்டாரை நிறுத்தினார். "பாவம் மனிசன். ஆனா பிள்ளை, அண்டைக்கு அந்தாள் ஒரு சொல்லுச் சொல்லியிருந்தால் நான் இண்டைக்கு உங்களோடை இருந்திருப்பன். நீ சின்னப் பிள்ளை, நீயே எல்லாத்தையும் சரியாத்தான் அவரிட்டைச் சொன்னனி. அவருக்கு வாய் திறந்து சொல்ல என்ன வந்தது?"

இதை எழுதி உங்களுக்கு அனுப்ப எனக்குத் தைரியம் இருக்கிறது. போனைக் காதில் வைத்துக்கொண்டு அது வரவில்லை.

"ஓம் மாமா," என்றேன். "அவர் சொல்லியிருக்கலாம்."